பரம்பரைக் கலையும் படம் பிடிக்கும் கையும்

(திருவல்லிக்கேணியில் கூடிய வாசகர் கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவு)



இன்று என்னைப் பேசச் சொல்லியிருக்கிற விஷயம், படத்தையும் பாட்டையும் பதிவு செய்யும் கருவிகளைக் கொண்டு பழைய கலைகளைக் காப்பது என்பதாகும். இதைக் கேட்டவுடன் உங்களில் சிலர், "பழையதைக் காக்கிற வேலை நமக்கெதற்கு? அது கோயில் தர்மகர்த்தாக்களும் சபாக்காரர்களும் பார்த்துக்கொள்ளுகிற வேலையல்லவா?" என்று நினைத்திருக்கலாம். அப்படி நினைப்பதில் தப்பில்லை. பாரம்பரியம், பண்பாடு, பரம்பரை என்கிற வார்த்தைகளை இந்த நாட்டில் யார் அதிகமாக வாயில் போட்டுக்கொள்ளுகிறார்களோ, அவர்கள் அவற்றை எதற்காக உபயோகப்படுத்தி வந்திருக்கிறார்கள் என்பது நமக்குத் தெரியும். செருப்புத் தைக்கிறவன் மகன் செருப்புத் தைப்பதும் பரம்பரைதான். மணியாட்டுகிறவன் மகன் மணியாட்டுவதும் பரம்பரைதான். முதலாமவனுக்கு அதனால் கிடைத்தது என்ன, இரண்டாமவனுக்குக் கிடைத்தது என்ன என்று கணக்குப் பார்த்தால் பரம்பரையின் யோக்கியதை விளங்கிவிடும்.

ஆனாலும் நான் இந்த விஷயத்தைப் பேச ஒப்புக்கொண்டதற்குக் காரணம் உண்டு. பழைமையைக் காப்பது வேறு, பழைமையைப் பற்றிய ருசுவைக் காப்பது வேறு. ருசு இல்லாத இடத்தில் யார் எதைச் சொன்னாலும் அது பாரம்பரியம் ஆகிவிடுகிறது. நேற்று ஏற்பட்ட வழக்கத்தை ஆயிரம் வருஷத்துப் பழக்கம் என்றும், பறித்துக்கொண்டதைப் பரம்பரைச் சொத்து என்றும் தைரியமாகச் சொல்லிவிடலாம். கேட்பதற்கு ஆள் இராது. அதனால்தான் கேமராவையும் ஒலிப்பதிவுக் கருவியையும் பகுத்தறிவுக்காரர்களாகிய நாம் கவனிக்க வேண்டும் என்கிறேன்.

உங்கள் திருவல்லிக்கேணியையே எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டார் டாக்கீஸும் பாரகனும் இருந்த பேட்டை இது. சினிமாப் பார்ப்பதில் யாருக்கும் இளைத்ததல்ல. இங்கே துளசிங்கப் பெருமாள் கோயில் தெருவில் குடியிருந்து, 1921-ஆம் வருஷம் செப்டம்பர் மாதம் இறந்துபோனார் பாரதியார். அவர் தம்முடைய பாட்டைத் தாமே பாடுவார் என்றும், பாடும்போது கூட்டம் எப்படிக் கேட்டிருந்தது என்றும் பழகியவர்கள் எழுதிவைத்திருக்கிறார்கள். இந்தியாவில் கிராமபோன் தட்டுக்கென்று பாட்டுப் பதிவு செய்ய ஆரம்பித்தது 1902-இல். அதாவது பாட்டுப் பிடிக்கும் இயந்திரம் நாட்டுக்குள் வந்த பிறகு 19 வருஷம் அவர் உயிரோடிருந்து பாடியிருக்கிறார். ஆனால் அவர் குரல் எந்தத் தட்டிலும் இல்லை. போட்டோக்கள் ஐந்து இருக்கின்றன; அவ்வளவுதான். விளைவு என்ன? இன்று யார் வேண்டுமானாலும் எந்த மெட்டிலும் பாடிவிட்டு இதுதான் பாரதி என்று சொல்லலாம். கோயில் யானை அடித்துக் கொன்றுவிட்டது என்று இன்னும் பள்ளிக்கூடத்துப் பையன்கள் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். யானை தள்ளியது நிஜம். அவர் அதிலிருந்து பிழைத்தெழுந்து, ஈரோடு கருங்கல்பாளையத்தில் போய்ப் பிரசங்கமும் செய்து திரும்பி வந்து, வயிற்றுக் கடுப்பால் இறந்தார் என்பதுதான் நடந்தது. நூறு வருஷத்துக்கு முந்திய, நன்கு படித்தவர்கள் சூழ இருந்த ஒருவர் கதியே இதுவென்றால், எழுத்து வாசனையே தெரியாமல் வைக்கப்பட்டிருந்த ஜனங்களுடைய பாட்டும் கூத்தும் என்ன ஆகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

நிற்க. 1902-இல் இயந்திரம் வந்தது என்றேனே, அதன் முன்னால் முதலில் உட்கார்ந்து பாடியவர்கள் யார்? பெரிய மனுஷர் வீட்டுப் பெண்களா? இல்லை. கல்கத்தாவில் கௌஹர் ஜான் என்கிற ஒரு நாட்டியக்காரி பாடினார். நம் பக்கத்தில் சேலம் கோதாவரி, பெங்களூர் நாகரத்தினம்மாள் போன்றவர்கள் பாடினார்கள். குலஸ்திரீகள் என்று சொல்லிக்கொண்டவர்களுக்கு இயந்திரத்தின் முன் வாயைத் திறப்பது மானக்கேடாக இருந்தது. ஆகவே, ஊரார் எந்தப் பெண்களை இழிந்தவர்கள் என்று ஒதுக்கிவைத்தார்களோ அந்தப் பெண்களே இந்த நாட்டின் சங்கீதத்தை முதன்முதல் தட்டில் ஏற்றினார்கள். கௌஹர் ஜான் பாட்டு முடிந்ததும் தம் பெயரை இங்கிலீஷில் உரக்கச் சொல்லுவார். ஏனென்றால் தட்டு அச்சானது ஜெர்மனியில் ஹானோவர் என்கிற ஊரில். அங்கே இருக்கிற தொழிலாளிக்கு இது யார் பாட்டு என்று தெரிந்து சீட்டு ஒட்ட வேண்டும். காரியம் வியாபாரக் காரியம்தான். ஆனாலும், தாசி என்று பொதுப்பெயரால் அழைக்கப்பட்ட ஒருத்தி தன் சொந்தப் பெயரைத் தன் வாயாலேயே உலகத்துக்குச் சொல்லும்படி செய்தது அந்த இயந்திரம். எந்த சாஸ்திரம் அவளுக்கு அந்த உரிமையைக் கொடுத்தது?

இதனால் இயந்திரம் தானாகவே நியாயம் செய்துவிடும் என்று நினைத்துவிடாதீர்கள். அது யார் கையில் இருக்கிறது என்பதைப் பொறுத்ததே எல்லாம். இங்கிருந்து பஸ் ஏறினால் சிறிது நேரத்தில் எழும்பூர் மியூஸியம் போய்ச் சேரலாம். அங்கே 1885 முதல் இருபது வருஷத்துக்கு மேல் சூப்பிரண்டெண்டாக இருந்தவர் எட்கர் தர்ஸ்டன் என்கிற வெள்ளைக்காரர். தென்னிந்திய ஜாதிகளைப் பற்றி 1909-இல் ஏழு பெரிய வால்யூம்கள் வெளியிட்டவர். அவர் இரும்புக் கவராயத்தை வைத்துக்கொண்டு ஜனங்களுடைய மண்டையை அளந்தார், மூக்கை அளந்தார், போட்டோ எடுத்தார், மெழுகு உருளைகளில் பாட்டும் பிடித்தார். அந்த உருளைகள் கடல் கடந்து போயின. படத்தில் இருக்கிற மனிதனுடைய ஜாதிப் பெயர் கீழே அச்சாகியிருக்கும். அவனுடைய பெயர் இராது. பட்டாம்பூச்சியைக் குண்டூசியில் குத்தி வைத்து இன்ன இனம் என்று சீட்டு எழுதுவதில்லையா, அதுபோல. அந்தப் புஸ்தகங்களால் நமக்கு உபயோகமே இல்லை என்று நான் சொல்லவில்லை. நானும் படிக்கிறேன். ஆனால் அதில் பேசுகிறவன் ஒருவன், பேசப்படுகிறவன் வேறொருவன் என்பதை மறக்கக்கூடாது.

இந்தத் தகராறு நம் தேசத்துக்கு மட்டும் உரியதல்ல. ஆப்பிரிக்காவில் பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட பிரதேசங்களில் 1934-ஆம் வருஷம் ஒரு சட்டம் போட்டார்கள். லவால் என்கிற குடியேற்ற நாட்டு மந்திரியின் பெயரால் வழங்குவது. அந்தப் பிரதேசத்தில் யார் சினிமாப் படம் பிடிப்பதானாலும் முன்கூட்டிக் கதையைக் காட்டி, ஆட்களின் பெயரைச் சொல்லி, கவர்னர் அனுமதி பெற வேண்டும். சொல்லப்போனால், கறுப்பு மனிதன் தன் ஊரைத் தானே படம் பிடிக்க வழியில்லாமல் அடைத்துவிட்ட சட்டம். 1955-இல் பவுலின் வியெய்ரா முதலிய ஆப்பிரிக்க வாலிபர்கள் ஒரு படம் எடுத்தார்கள். எங்கே எடுத்தார்கள்? பாரிஸ் பட்டணத்தில்! சொந்த மண்ணில் எடுக்க உத்தரவு கிடைக்காததால், ஆண்டவன் ஊரிலேயே போய், அங்கே பிழைக்க வந்த ஆப்பிரிக்கர்களைப் படம் பிடித்தார்கள். தெருவில் நடக்கவிடாதவன் தன் வீட்டுத் திண்ணையில் உட்காரவிட்ட கதை.

அதே சமயத்தில் வெள்ளைக்காரர்கள் தாராளமாக ஆப்பிரிக்கக் கிராமங்களுக்குப் போய்ப் படமெடுத்தார்கள். அவர்களில் ழான் ரூஷ் என்பவர் மிகவும் பெயர் பெற்றவர். கெட்ட எண்ணம் கொண்டவருமல்ல. ஆனால் மார்சேல்ஸ் துறைமுகத்தில் மூட்டை தூக்கிப் பிழைத்து, பிறகு எழுத்தாளராகி, 1963-இல் செனகல் நாட்டில் படமெடுக்கத் தொடங்கிய உஸ்மான் செம்பேன், 1965-இல் ரூஷின் முகத்துக்கு நேரேயே, எங்களைப் பூச்சிகளைப் பார்ப்பதுபோல் பார்க்கிறீர்கள் என்று சொல்லிவிட்டார். நம்மவர்களாயிருந்தால் ஒரு வெள்ளைக்காரர் வந்து நம் கலையைப் படம் பிடித்தாரே என்று மாலை போட்டு உபசாரப் பத்திரம் வாசித்திருப்போம்.

இனித்தான் நான் முக்கியமாகச் சொல்ல விரும்புகிற அம்மையாரின் விஷயம் வருகிறது. ஸஃபி ஃபாயே என்பது அவர் பெயர். 1943-இல் செனகலில் பிறந்தவர், செரேர் என்கிற விவசாய ஜனங்களைச் சேர்ந்தவர், பள்ளிக்கூட உபாத்தியாயினி. மேற்படி ரூஷின் படமொன்றில் நடித்து, பிறகு பாரிஸுக்குப் போய் மனித இனங்களைப் பற்றிய படிப்பும் சினிமாப் படிப்பும் படித்தார். கவனியுங்கள். எந்தப் படிப்பைக் கொண்டு வெள்ளைக்காரன் இவருடைய ஜனங்களை அளந்தானோ, அந்தப் படிப்பையே இவர் போய்ப் படித்தார். படித்துவிட்டு வேறெங்கும் போகவில்லை. தன் சொந்தக் கிராமத்துக்குக் கேமராவோடு திரும்பினார்.

1975-இல் அவர் எடுத்த படத்துக்குப் பெயர் "கத்து பெய்கத்". அவர்கள் நாட்டு வோலோப் பாஷையில் குடியானவனின் குரல் என்று அர்த்தம். அந்தக் கிராமம் முழுவதும் மல்லாட்டை பயிரிடுகிறது. வெள்ளைக்காரன் பழக்கிவிட்ட பயிர். மழை தப்பினால் விளைச்சல் இல்லை, வரி மட்டும் தப்புவதில்லை. கலியாணம் செய்துகொள்ளப் பணமில்லாமல் ஒரு வாலிபன் பட்டணத்துக்குப் பிழைக்கப் போகிறான். கதை இவ்வளவுதான், தென்னார்க்காட்டுக்காரர் யாரைக் கேட்டாலும் இந்தக் கதையைச் சொல்லுவார்கள். கிராமத்தார் மரத்தடியில் கூடித் தங்கள் கஷ்டத்தைத் தங்கள் வாயாலேயே பேசுகிறார்கள். அம்மையாரின் பாட்டனாரும் அதிலே வருகிறார். படம் பிடித்து முடித்த சில நாட்களில் அவர் இறந்துபோனார். குரல் மாத்திரம் தங்கிற்று. அப்போது செனகலில் இருந்தது வெள்ளைக்கார சர்க்காரல்ல, சுதந்திர சர்க்கார். அந்த சர்க்கார் இந்தப் படத்துக்குத் தடை போட்டது! நாட்டியத்தையும் முகமூடியையும் காட்டியிருந்தால் பண்பாடு என்று பதக்கம் கொடுத்திருப்பார்கள். வரியைப் பற்றிப் பேசினார்கள்; தடை.

1979-இல் தம் மூதாதைகளின் ஊர்ப்பெயரையே வைத்து "ஃபாத்ஜால்" என்று இன்னொரு படம் எடுத்தார். அதிலே ஒரு பள்ளிக்கூடம் வருகிறது. ஆப்பிரிக்கப் பிள்ளைகள் உட்கார்ந்துகொண்டு, பிரான்சு தேசத்துப் பதினான்காம் லூயி ராஜாவின் பெருமையை நெட்டுருப் போடுகிறார்கள். பள்ளிக்கூடம் விட்டதும் மரத்தடியில் கிழவர்கள் அந்த ஊர் எப்படி உண்டாயிற்று என்று சொல்லுகிறார்கள். ஊரை உண்டாக்கியவர் ஒரு பெண்பிள்ளை என்று தெரிகிறது. அதோடு, 1964-இல் வந்த நிலச் சட்டத்தால் தங்கள் நிலத்துக்கு என்ன ஆபத்து என்பதையும் அதே மரத்தடியில் பேசுகிறார்கள். கலை, சரித்திரம், நிலம், வயிறு எல்லாம் ஒரே பேச்சில் வருகின்றன. நம் ஊரில் இவற்றைத் தனித்தனியாகப் பிரித்து, கலைக்கு டிசம்பர் மாதம், நிலத்துக்கு முன்சீப் கோர்ட்டு என்று வைத்துக்கொண்டிருக்கிறோம்.

கிழவர்கள் சொல்வதெல்லாம் உண்மையா, அதிலும் புளுகு இராதா என்று நீங்கள் கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும். கிழவர் சொன்னார் என்பதற்காக நான் ஒன்றையும் நம்புகிறவனல்ல. ஆனால் நம்புவதற்கும் மறுப்பதற்கும் முதலில் அவர் என்ன சொன்னார் என்று தெரிய வேண்டும். ஆப்பிரிக்காவில் ஒரு முதியவர் இறந்தால் ஒரு புஸ்தகசாலை எரிந்ததற்குச் சமம் என்று மாலி நாட்டு அறிஞர் ஹாம்பாத்தே பா சொன்ன கருத்தை அம்மையார் எடுத்துக் காட்டுகிறார். தமிழருக்கு அது உவமையாகவும் இல்லாமல் போயிற்று. 1981-இல் யாழ்ப்பாணத்துப் புஸ்தகசாலையை நிஜமாகவே கொளுத்தினார்கள். ஆகவே, அந்த ஊர்த் தவில் வித்துவான் தெட்சணாமூர்த்தி 1975-இல் இறந்து நாற்பது வருஷமான பிறகு, சென்னையைச் சேர்ந்த அம்ஷன் குமார் அவரைப் பற்றி ஒரு படம் எடுத்தது, கேட்டவர்களின் ஞாபகங்களைத் தேடித் தேடிச் சேர்த்த காரியமாகும். அந்த விரல்கள் ஓடியதை நன்றாகப் படம் பிடித்து வைக்க அவர் இருந்த காலத்தில் ஒருவருக்கும் தோன்றவில்லை. மேளக்காரர் தோளில் துண்டு போடலாமா கூடாதா என்பதுதான் அந்தக் காலத்துப் பெரிய மனுஷர்களுக்கு இருந்த சங்கீதக் கவலை.

இப்போது நம் பட்டணத்துக்கு வருகிறேன். வீணை தனம்மாள் என்ற பெயரைக் கேட்டிருப்பீர்கள். 1938-இல் இறந்தவர். அவருடைய பேத்தி பாலசரஸ்வதி. 1918-இல் இந்தச் சென்னையில் பிறந்தவர். தேவதாசிக் குலம் என்று சொல்லப்பட்ட குடும்பம். ஏழு வயதில், 1925-இல் காஞ்சிபுரத்தில் அரங்கேற்றம் நடந்தது. கந்தப்ப பிள்ளை என்கிற நட்டுவனார் ஆட்டம் சொல்லிக்கொடுத்தார். தாயார் ஜெயம்மாள் பக்கத்தில் நின்று பாடினார். அந்தச் சமயத்தில்தான் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க வேண்டும் என்ற கிளர்ச்சியும் வலுத்தது. 1927-இல் டாக்டர் முத்துலட்சுமி அம்மையார் சட்டசபையில் தீர்மானம் கொண்டுவந்தார். அந்தக் குலத்திலேயே பிறந்து வெளியேறிய மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் ஊர் ஊராய்ப் பிரசாரம் செய்து, 1936-இல் "தாசிகள் மோசவலை" என்ற நாவலையும் எழுதினார். 1947-இல் சட்டம் வந்தது.

அந்தச் சட்டம் நியாயமானது. அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அறியாத பெண் குழந்தைக்குச் சாமியின் பெயரால் தாலி கட்டி, ஆசாமிகளுக்கு விட்டுக்கொடுத்ததைக் கலை என்றும் பாரம்பரியம் என்றும் சொல்லிக்கொண்டு இன்றைக்கும் யாராவது கண்ணீர் விட்டால், அவர்கள் வீட்டுப் பெண் குழந்தைக்குப் பொட்டுக் கட்டிவிட்டு அப்புறம் வந்து அழட்டும் என்றுதான் சொல்லுவேன்.

ஆனால் சட்டம் வந்ததோடு கூடவே வேறொன்று நடந்தது. அதை நாம் சொல்லாமல் விட்டால் அது நேர்மையாகாது. பெண்களை விடுவித்தோம், சரி. அவர்கள் கையிலிருந்த வித்தையை யார் எடுத்துக்கொண்டார்கள்? சதிர் என்றும் சின்னமேளம் என்றும் கேவலமாகப் பேசப்பட்ட ஆட்டம், 1930-களில் பரதநாட்டியம் என்று பெயர் மாறியது. அது மேல்ஜாதி வீட்டுக் கூடத்துக்குள் போயிற்று. ரிஷி எழுதிய சாஸ்திரம் என்று அதற்கு ஒரு பூணூலும் மாட்டினார்கள். ஆடிக்காட்டிச் சொல்லிக்கொடுத்த நட்டுவனார், வீட்டுக்கு வந்து போகும் வாத்தியார் ஆனார். ஆடிய பெண்கள் ஒதுங்கிப்போய், தங்கள் பிறப்பைச் சொல்ல வெட்கப்பட்டு, பிள்ளைகளை வேறு தொழிலுக்கு அனுப்பினார்கள். அவமானம் மட்டும் பழைய சொந்தக்காரர்களிடம் நின்றது; சொத்து கை மாறிவிட்டது. இதை நான் சொல்லுகிறேன் என்பதற்காக நம்ப வேண்டாம். இன்று சபாக்களில் ஆடுகிறவர்களில் அந்தக் குடும்பங்களைச் சேர்ந்தவர்கள் எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள்.

பாலசரஸ்வதி இதற்கெல்லாம் வளைந்து கொடுக்காதவர். இந்த ஆட்டத்தில் காதல் பதங்கள் அசிங்கம், அவற்றைச் சுத்தப்படுத்த வேண்டும் என்று புது நாட்டியக்காரர்கள் சொன்னபோது, சுத்தப்படுத்த அதில் அழுக்கு ஒன்றுமில்லை என்ற கட்சியில் நின்றவர். தன் குடும்பம் இன்னது என்று மறைத்தவருமல்ல. ஜப்பானுக்குப் போனார், அமெரிக்காவுக்குப் போனார், எடின்பரோவில் ஆடினார். 1973-இல் சென்னை மியூசிக் அகாடமி அவருக்கு சங்கீத கலாநிதி பட்டம் கொடுத்தது.

சரி, அவருடைய ஆட்டம் படத்தில் இருக்கிறதா? இருக்கிறது, எடுத்தவர் யார் என்றால் கல்கத்தாவிலிருந்து வந்த சத்யஜித் ராய். பதினான்கு வயதுப் பையனாயிருந்தபோது, 1935-இல் கல்கத்தாவில் அவர் ஆடியதைப் பார்த்து, அதை மறக்காமல் 1976-இல் வந்து "பாலா" என்று ஒரு படம் எடுத்தார். அப்போது அந்த அம்மையாருக்கு வயது 58. சென்னையிலேயே பேசும்படம் எடுக்க ஆரம்பித்தது 1934-இல். கோடம்பாக்கத்திலும் வடபழனியிலும் லைட்டும் மைக்கும் கேமராவும் வைத்துக்கொண்டு முதலாளிகள் கோட்டை கட்டினார்கள். படத்துக்குப் படம் நாட்டியம் வைத்தார்கள். 42 வருஷம்! அதே பட்டணத்தில் அவர் குடியிருந்தார். இன்று உலகத்தார் அவரைப் பார்க்க வேண்டுமென்றால் ஒரு வங்காளி எடுத்த அரைமணி நேரப் படத்தைத்தான் முதலில் போட்டுக் காட்டுகிறார்கள். அதையாவது எடுத்தாரே என்று ராய்க்கு நான் நன்றி சொல்லுகிறேன். கடற்கரையில் காற்று புடவையை அடித்துக்கொண்டு போக, அதைக் கொஞ்சமும் லட்சியம் செய்யாமல் அந்த அம்மாள் அபிநயம் பிடிக்கிற இடம் ஒன்று அதில் இருக்கிறது. நாட்டியம் ஒன்றும் தெரியாத நான்கூட அதைத் திரும்பத் திரும்பப் போட்டுப் பார்த்திருக்கிறேன்.

ஆனாலும், அதிலே கதையைச் சொல்லிக்கொண்டு போகிற குரல் ராயின் குரல்; பாஷை இங்கிலீஷ். ஸஃபி ஃபாயே தன் பாட்டனாரைத் தன் கிராமத்து மரத்தடியில் பேசவிட்டதையும் இதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ராய் போன்ற மேதையின் திறமையைப் பற்றியல்ல என் பேச்சு. தனம்மாள் வீட்டுப் பெண்ணொருத்தி, அல்லது ஒரு நட்டுவனார் மகன், கேமராவைக் கையில் எடுத்துத் தன் பாட்டியின் எதிரே உட்கார்ந்து, "அந்தக் காலத்தில் நீங்கள் ஆடியபோது யார் காசு கொடுத்தார்கள், யார் கொடுக்காமல் ஏமாற்றினார்கள், சட்டம் வந்தபோது சந்தோஷப்பட்டீர்களா, பயந்தீர்களா?" என்று தமிழில் கேட்டிருந்தால் நமக்கு எப்படிப்பட்ட சரித்திரம் கிடைத்திருக்கும்! சட்டம் வந்தபோது ஆடிக்கொண்டிருந்த தலைமுறை போய்விட்டது. அந்தக் கேள்விகளுக்குப் பதில் சொல்ல இனி ஆள் இல்லை.

இதைவிடக் கடினமான விஷயம் ஒன்று உண்டு. அது பறை. பாரதியாரை எரித்த இதே கிருஷ்ணாம்பேட்டைச் சுடுகாட்டுக்கு இன்றைக்கும் பிணம் போகிறபோது, முன்னால் மேளம் அடித்துக்கொண்டு போகிறவர்களைப் பார்க்கிறீர்கள். கிராமத்தில் அது கூலி வேலைகூட அல்ல; ஜாதிக் கடமை. மாட்டேன் என்றால் அடி விழும். இப்படிப்பட்ட கடமையை உதறி எறிய வேண்டும், சாவுக்குப் பறை அடிக்க மாட்டோம், செத்த மாட்டைத் தூக்க மாட்டோம் என்று தென்னார்க்காடு முதலிய ஜில்லாக்களில் அந்த ஜனங்களே போராடினார்கள். அதே ஜனங்களின் பிள்ளைகளில் மற்றொரு சாரார், "பறை எங்கள் வாத்தியம், இழிவு பறையில் இல்லை, இழிவென்று சொன்னவன் புத்தியில் இருக்கிறது" என்று சொல்லி மேடையில் அடிக்கிறார்கள். ஷெரினியன் என்ற அமெரிக்கப் பெண்மணி, தாமே பறை கற்றுக்கொண்டு, 2011-இல் அந்தக் கலைஞர்களைப் பற்றி ஒரு படம் வெளியிட்டார்; இதுவும் இசைதான் என்ற அர்த்தத்தில் அதற்குப் பெயர். திண்டுக்கல்லில் சக்தி கலைக்குழு என்று தாழ்த்தப்பட்ட குடும்பத்துப் பெண்கள் பறையடிக்கிறார்கள். அவர்களைப் பற்றியும் அவர் படமெடுத்திருக்கிறார். பெண்பிள்ளை பறையைத் தொட்டதே இல்லாத தேசத்தில் இது சாதாரணக் காரியமல்ல.

பறையை உதறியவர் சொல்வது சரியா, ஏந்தியவர் சொல்வது சரியா என்று என்னைக் கேட்டால், அதைத் தீர்மானிக்க எனக்கு அதிகாரமில்லை என்பதே என் பதில். அடி வாங்கியது என் முதுகல்ல. ஆனால் ஒன்று சொல்லுவேன். பறையடிக்கிறவன் மகன் டாக்டருக்குப் படிக்கப் போகிறேன் என்னும்போது, ஐயோ, ஒரு கலை அழிந்துபோகிறதே என்று குறுக்கே விழுகிற கலாரசிகரைக் கண்டால் நான் சும்மா விடமாட்டேன். கலை அழியும் என்ற பயம் உமக்கு இருந்தால், நீர் போய்க் கற்றுக்கொள்ளும். உம்முடைய மகனைச் சாவு வீட்டுக்கு அனுப்பி அடிக்கச் சொல்லும். இதற்குத்தான் படமும் ஒலிப்பதிவும் உபயோகப்பட வேண்டும். அந்தத் தாளம் எப்படி இருந்தது, எந்த அடிக்கு என்ன பெயர், தோலைத் தீயில் காய்ச்சுவது எப்படி என்பதையெல்லாம் பதிவு செய்து வைத்துவிட்டால், ஒரு ஜாதி முழுவதும் அதற்காகக் கட்டுண்டு கிடக்க வேண்டியதில்லை. வேண்டுகிறவன் எந்த ஜாதியானாலும் பார்த்துக் கற்றுக்கொள்ளலாம். வேண்டாதவன் தன் வழியே போகலாம்.

அப்படிப் பதிவு செய்ததைத் திருப்பிக் கொடுக்கவும் வேண்டும். ஆர்னால்ட் பாக்கே என்கிற டச்சுக்காரர் 1938-இல் தென்னிந்தியாவில் சுற்றி ஊர்ப் பாட்டுகளையும் ஆட்டங்களையும் பதிவு செய்தார். 46 வருஷம் கழித்து, 1984-இல், ஜைரஸ்பாய் என்ற அறிஞரும் அவர் துணைவியாரும் அந்தப் பதிவுகளை எடுத்துக்கொண்டு அதே ஊர்களுக்குப் போய், போட்டுக் காட்டி, எது மாறியது, எது மறைந்தது என்று விசாரித்தார்கள். பரம்பரை மாறாதது என்று சொல்லுகிறவர்களுக்கு இதைவிட நல்ல மருந்து கிடையாது. ஒரே ஆயுளில் எவ்வளவு மாறிவிடுகிறது என்று காதாலேயே கேட்கலாம்.

நீங்கள் என்ன செய்யலாம் என்று தலைவர் கேட்கச் சொன்னார். உங்கள் ஒவ்வொருவர் சட்டைப் பையிலும் இப்போது கேமரா இருக்கிறது. தர்ஸ்டனிடம் இருந்ததைவிட ஆயிரம் மடங்கு நல்ல கேமரா. இதே திருவல்லிக்கேணியில், குப்பத்தில் வலை இழுக்கும்போது பாடின பாட்டு தெரிந்த கிழவர்கள் இருக்கிறார்கள். பெரிய மசூதிப் பக்கத்துத் தெருக்களில் தக்கினி உருதுவில் தாலாட்டுத் தெரிந்த பாட்டிமார் இருக்கிறார்கள். கானா பாடுகிறவர்கள் இருக்கிறார்கள். போய் உட்காருங்கள். முதலில் பெயரைக் கேளுங்கள். ஜாதியைக் கேட்காதீர்கள், அவர்களாகச் சொன்னால் மறைக்காதீர்கள். பாட்டை மட்டும் கேட்டுக்கொண்டு எழுந்து வந்துவிடாமல், இதற்கு என்ன கொடுத்தார்கள், எங்கே உட்காரவைத்தார்கள் என்றும் கேளுங்கள். அரைநாள் அவர்கள் வேலை கெட்டால் அரைநாள் கூலியைக் கொடுத்துவிட்டு வாருங்கள். பிடித்ததில் ஒரு பிரதியை அவர்கள் பேரப்பிள்ளையின் போனில் ஏற்றிக் கொடுங்கள். எனக்கு இதைச் சொல்ல இஷ்டமில்லை, படம் பிடிக்காதே என்று அந்த அம்மாள் சொன்னால், போனைப் பைக்குள் போட்டுக்கொண்டு, கொடுக்கிற டீயைக் குடித்துவிட்டு வந்துவிடுங்கள்.

கேள்வி கேட்க நினைக்கிறவர்களுக்குத் தலைவர் கால்மணி நேரம் கொடுத்திருக்கிறார். நான் சொன்னதில் ஆட்சேபணை உள்ளவர்கள் முதலில் கேளுங்கள்.